செம்பகம் பாறைக்கு இரண்டு அட்டைகள்

போன மாதம் ரிஸ்வானா நூலகத்திலிருந்து தொலைபேசியில் கூப்பிட்டாள். நான் ஓய்வு பெற்ற பிறகு உள்ளூர் வரலாற்றுப் பகுதியை அவள்தான் பார்த்துக்கொள்கிறாள். பழைய பட்டியல் அட்டைகளை எல்லாம் இப்போது கம்ப்யூட்டரில் ஏற்றுகிறார்கள்.

"சேர், செம்பகம் பாறை எண்டு ரெண்டு அட்டை ஈக்கி. ஒண்டுல நம்பர் 398, மத்ததுல 954.93. ரெண்டுலயும் உங்கட கையெழுத்துதான். எத வெட்டுற?"

"ஒண்ணையும் வெட்டாதீங்க. ரெண்டையும் ஏத்துங்க."

"சரி சேர். ஆனா ஏன் ரெண்டு எண்டு சொல்லுங்களேன்."

தொலைபேசியில் சொல்லி முடிகிற காரியமா அது? எழுதித் தருகிறேன் என்று சொன்னேன். அதைத்தான் எழுதுகிறேன்.

நூலகத்துக்கு வெளியே இருப்பவர்களுக்காக ஒரு விளக்கம். எங்கள் எண் முறையில் 398 என்றால் நாட்டார் கதைகள், ஐதீகங்கள். 954.93 என்றால் இலங்கை வரலாறு. கண்டியில் நான் வேலை பார்த்த நூலகத்தில் இந்த இரண்டு அலுமாரிகளும் ஒரே அறையில் எதிரும் புதிருமாக நின்றன. ஆறு எட்டு வைத்தால் ஒன்றிலிருந்து மற்றதுக்குப் போய்விடலாம். ஒரு கதை அந்த ஆறு எட்டைக் கடக்க எவ்வளவு பாடுபட வேண்டியிருந்தது என்பதுதான் விஷயம்.

என் சொந்த ஊர் நாவலப்பிட்டி. அப்பா ரயில்வேயில் இருந்தவர். படிப்பு முடிந்து, பரீட்சை எழுதி, நூலக உதவியாளனாக வந்து சேர்ந்தேன். முதல் சில வருஷங்கள் கிழிந்த புத்தகங்களுக்குப் பசை தடவுவதிலும் பத்திரிகைகளை அடுக்குவதிலும் போயின. பிறகு ஒருநாள், மூன்று மொழியும் வாசிக்கத் தெரிந்தவன் என்பதற்காக உள்ளூர்ப் பகுதியில் கொண்டுபோய் உட்கார வைத்தார்கள். ஓய்வு பெறும் வரை அங்கிருந்து நான் அசையவில்லை. அசையவும் விரும்பவில்லை.

அங்கே வந்த புத்தகங்கள் கடையில் கிடைக்காதவை. கோயில் கும்பாபிஷேக மலர்கள், விகாரைகளின் தலவரலாறுகள், பள்ளிக்கூட ஆண்டு மலர்கள், யாரோ ஒரு ஓய்வு பெற்ற தபால் அதிபர் தன் ஊரைப் பற்றிச் சொந்தச் செலவில் அச்சடித்த நாற்பது பக்கம். செங்கடகல என்ற கண்டியின் பழைய பேர் எப்படி வந்தது என்று பார்த்தால் ஒரு புத்தகம் ஒரு பிராமணத் துறவியின் பேர் என்கிறது, இன்னொன்று ஒரு ராணியின் பேர் என்கிறது, மூன்றாவது நிறக்கல் என்கிறது. முதலில் எனக்கு எரிச்சலாக இருந்தது. போகப்போக அந்த வித்தியாசங்களைத் தேடித்தான் காலையில் வேலைக்கு வந்தேன். யார் சொன்னது, யாரிடம் சொன்னது, ஏன் அப்படிச் சொன்னார்கள் என்று நோண்டுவதில் ஒரு ருசி பிடித்துவிட்டது.

எனக்கு நாற்பத்தாறு வயதானபோது சிவகௌரி மிஸ் தலைமை நூலகராக வந்தார். யாழ்ப்பாணத்துக்காரர். என்னைவிடப் பன்னிரண்டு வயது இளையவர். முதல் நாளே, "அண்ணை, உங்களுக்குக் கட்டளை போட எனக்குக் கூச்சமாத்தான் இருக்கு. ஆனா போடுவன்," என்றார். போடவும் செய்தார். அவர் மேசையில் எப்போதும் வெள்ளைத்தாள் கட்டு ஒன்று இருக்கும். எந்தப் பிரச்சினையோடு போனாலும் ஒரு தாளை எடுத்து நடுவில் கோடு கிழிப்பார். இடப்பக்கம் 'சொல்லினம்', அதாவது ஆட்கள் வாயால் சொல்வது; வலப்பக்கம் 'எழுத்திலை இருக்கு'. "இப்ப சொல்லுங்கோ. எது எந்தப் பக்கம்?" என்பார். ஆரம்பத்தில் இது என்ன பள்ளிக்கூடமா என்று எனக்குக் கோபம் வந்தது. கடைசியில் வீட்டில் என் மனைவியோடு சண்டை வந்தால்கூட மனசுக்குள் கோடு கிழிக்கிற அளவுக்கு ஆகிவிட்டது.

அவர் வந்த இரண்டாம் வருஷம், ஒரு புதன்கிழமை, பரமேஸ்வரி என்றொரு அம்மா வந்தார். கலஹாப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் பிறந்து, அந்தப் பகுதியிலேயே அரசாங்கக் குடும்பநல மாதுவாக வேலை செய்பவர். வெள்ளைச் சீருடையோடு, வேலைப் பையைத் தோளில் மாட்டியபடி, பேராதனை பஸ்ஸில் வந்து இறங்கி நேரே என் மேசைக்கு வந்தார்.

"சேர், உங்ககிட்ட கலஹாப் பக்கத்துக் கதைன்னு ஒரு புத்தகம் இருக்கா?"

இருந்தது. சாம்பல் அட்டை போட்ட சின்னப் புத்தகம். அந்தோணிமுத்து என்ற தோட்டப் பள்ளிக்கூட மாஸ்டர், பல வருஷங்களுக்கு முன் அந்த மலைப்பக்கத்துக் கதைகளைத் தொகுத்து அச்சிட்டது. எடுத்துக் கொடுத்தேன். அவர் எட்டாவது கதையைத் திறந்து என் பக்கம் திருப்பினார்.

"இத எடுத்துடுங்க சேர். புத்தகத்தையே எடுத்துட்டாலும் சரி, இந்தப் பக்கத்த மட்டும் கிழிச்சாலும் சரி."

கதை ஒன்றரைப் பக்கம்தான். தோட்டத்தின் இரண்டு டிவிசன்களுக்கு நடுவே ஓர் ஆறு. கரையில் ஒரு பாறை. அதில் முனியாண்டி இருக்கிறார். திருவிழா நாளில், மாதவிலக்காகி இருந்ததை மறைத்துக்கொண்டு, செம்பகம் என்ற குமரி அந்தப் பாறையைக் கடந்து போனாள். வானத்தில் ஒரு பொட்டு மேகம் கிடையாது. ஆனாலும் ஆறு பொங்கி வந்து அவளைக் கொண்டு போயிற்று. முனி தீட்டைப் பொறுக்க மாட்டார். அன்றிலிருந்து அது செம்பகம் பாறை.

"செம்பகம் எங்க அப்பாவோட அக்கா," என்றார் பரமேஸ்வரி. "எனக்கு அத்தை. நான் பாத்தது இல்ல. எனக்குப் பதினாலு வயசுல ஒரு மக இருக்கா சேர். இந்த வருஷத் திருவிழாவுக்கு பால்குடம் எடுக்கணும்னு பேரு குடுத்தா. கோயில் கமிட்டியில பேர வெட்டிட்டாங்க. தீட்டோட முனிய மிதிச்ச வீட்டுப் பொண்ணுன்னு. அப்படியெல்லாம் இல்லன்னு சண்டை போட்டேன். தலைவரு இந்தப் புத்தகத்தத் தூக்கிக் காட்டுறாரு. 'கண்டி லைப்ரரியிலயே வெச்சிருக்கான், பொய்யாவா இருக்கும்?'ங்கிறாரு."

எனக்கு முகம் சுருங்கிவிட்டது. அந்தப் புத்தகத்துக்கு எண் போட்டு அலுமாரியில் வைத்தவன் நான்.

எங்கள் இரண்டு பேரையும் சிவகௌரி மிஸ் உள்ளே கூப்பிட்டார். முழுக் கதையும் கேட்டார். பிறகு பரமேஸ்வரியைப் பார்த்துச் சொன்னார்.

"தங்கச்சி, புத்தகத்திலை ஒரு எழுத்தையும் நாங்கள் தொடேலாது. இண்டைக்கு உங்களுக்காகக் கிழிச்சா நாளைக்கு வேறை ஆருக்காகவோ கிழிக்க வேணும். ஆனா பக்கத்திலை இன்னொண்டை வைக்கலாம். உண்மை என்ன எண்டு தேடிப் பாப்பம். கிடைச்சா, அதுக்கும் ஒரு நம்பர், ஒரு அட்டை. இந்தக் கதையை எடுக்கிறவை கட்டாயம் அதையும் பாக்கிற மாதிரிச் செய்வம்."

"தேடி என்ன கெடைச்சாலும் எனக்குச் சொல்லுவீங்களா மிஸ்?"

"ஓம். என்ன கிடைச்சாலும்."

பரமேஸ்வரி போன பிறகு மிஸ் தாளை எடுத்துக் கோடு கிழித்தார். இடப்பக்கம் நிறைந்துவிட்டது: திருவிழா நாள், தீட்டு, மேகமில்லாத வானம், முனி. வலப்பக்கம் வெறுமை. "போய் நிரப்பிக்கொண்டு வாங்கோ அண்ணை," என்றார்.

முதலில் இறப்புப் பதிவு. பரமேஸ்வரியே மனுப்போட்டு நகல் எடுத்தார். செம்பகம், வயது பத்தொன்பது, நீரில் மூழ்கி மரணம். அதில் தேதி கிடைத்தது. மாதம் ஆடி. கலஹாவில், மழை கொட்டுகிற ஆடி மாதத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லாத வானமா என்று அப்போதே எனக்கு உறுத்தியது.

தேதியோடு தோட்டத்து ஒபீசுக்குப் போனேன். பெரிய கிளாக்கர் நல்ல மனிதர். தோட்டங்களில் மழையை அளந்து தினமும் எழுதி வைப்பார்கள். தேயிலைக்கு அது அவசியம். அந்தப் பழைய மழைப் புத்தகங்கள் பரணில் கிடந்தன. ஏணி வைத்து ஏறி, எலிப்புழுக்கையைத் தட்டிவிட்டு, இரண்டு பேருமாகத் தேடினோம். மூன்றாவது கட்டுக்குள் கிடைத்தது. செம்பகம் செத்த அன்றும் மழை, அதற்கு முந்தின நான்கு நாட்களும் மழை. அந்த மாதத்திலேயே அதிகமான அளவு அந்த நாளில்தான் பதிவாகியிருந்தது.

"செக்ரோலையும் பாத்துடுங்களேன்," என்றார் கிளாக்கர். யார் எந்த நாள் வேலைக்கு வந்தார்கள் என்று எழுதுகிற பேரேடு அது. பார்த்தோம். தோட்டம் முழுக்க அன்று வேலை நடந்திருக்கிறது. அப்படியென்றால் திருவிழா நாளே இல்லை. செம்பகம் பேருக்கு நேரே அரைப்பேர் என்று குறித்திருந்தது. அதாவது பாதி நாள் வேலை. மத்தியானத்தோடு கொழுந்து எடுப்பதை விட்டுவிட்டுப் போயிருக்கிறாள்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது அந்த அரைப்பேர் என்னை விடவில்லை. கொட்டுகிற மழையில், அரை நாள் சம்பளத்தை விட்டுவிட்டு, ஓர் இளம்பெண் ஆற்றைத் தாண்டி எங்கே போனாள்?

அதைக் கேட்க ஒருவர்தான் மிச்சம். அந்தோணிமுத்து மாஸ்டர். உயிரோடு இருக்கிறார், அதுவும் என் சொந்த ஊரிலேயே, நாவலப்பிட்டி ஸ்டேசனுக்கு மேலே மகன் வீட்டில் இருக்கிறார் என்று விசாரித்து அறிந்தபோது அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

எண்பது தாண்டிய மனிதர். காது கொஞ்சம் மந்தம், புத்தி கூர்மை. அவர் புத்தகத்தை நான் கையில் வைத்திருந்ததைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பு. தேத்தண்ணி வந்தது. எட்டாவது கதை என்றேன். சிரிப்பு நின்றது.

"அதுக்கென்ன?"

மழைப் புத்தகத்தையும் செக்ரோலையும் பற்றிச் சொன்னேன். பால்குடம் மறுக்கப்பட்ட பிள்ளையைப் பற்றியும் சொன்னேன். அவர் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார்.

"ஒருத்தருக்கு வாக்குக் குடுத்திருக்கேன் தம்பி. அவரு இப்ப இல்ல."

"யாருக்கு மாஸ்டர்?"

அவர் எழுந்து உள்ளே போய் ஒரு பழைய சி.ஆர். கொப்பியை எடுத்து வந்தார். கதை சேகரிக்கும்போது கேட்டதைக் கேட்டபடி எழுதிய கொப்பி. ஒவ்வொரு கதைக்கும் மேலே சொன்னவர் பேர், வயது. பக்கத்தைத் திருப்பி என் முன்னால் வைத்தார். வாசித்தேன்.

சொன்னவர், செம்பகத்தின் தம்பி மாரிமுத்து. பரமேஸ்வரியின் அப்பா.

அவருக்கு அப்போது பன்னிரண்டு வயது. மூன்று நாள் காய்ச்சல். டிஸ்பென்சரி ஆற்றுக்கு அந்தப் பக்கம், மேல் டிவிசனில். மத்தியானம் அக்கா லயத்து வீட்டுக்கு வந்து தொட்டுப் பார்த்தாள். உடம்பு கொதித்தது. 'போகாத அக்கான்னு நான் சொல்லல. மருந்து வாங்கிட்டு வான்னு அழுதேன்.' அப்படியே எழுதியிருந்தார் மாஸ்டர். அக்கா போகும்போது ஆற்றைத் தாண்டிவிட்டாள். மருந்தோடு திரும்பி வரும்போதுதான் தண்ணீர் கொண்டு போயிற்று. அடுத்த நாள் எடுத்தபோது மருந்துப் போத்தல் முந்தானையில் முடிந்தபடி இருந்தது.

அதற்குக் கீழே இன்னும் இரண்டு வரி. 'இத எழுதாதீங்க மாஸ்டர். முனி கூப்பிட்டுச்சு, போயிட்டான்னு எழுதுங்க.'

"அந்த வாக்கைக் காப்பாத்திட்டேன்," என்றார் மாஸ்டர்.

"சரி. ஆனா தீட்டுன்னு அவர் சொன்னதா இதுல இல்லையே?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இல்ல. அவரு சொல்லல. முனி சும்மா ஒரு பொண்ணக் கொண்டு போகுமா, கதைக்கு ஒரு காரணம் வேணுமேன்னு யோசிச்சுக்கிட்டு இருந்தேன். கடையில யாரோ ஒரு ஆளு, 'தீட்டோட போயிருப்பா'ன்னான். நல்லா பொருந்துச்சு. எழுதிட்டேன். திருவிழாவும் வானமும் அதுக்கு அப்புறம் நானா போட்டது. அச்சுல வந்தப்ப நல்ல கதைன்னு எல்லாரும் சொன்னாங்க."

அவரைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. நானும் அதை நல்ல கதை என்றுதான் முதல் தடவை வாசித்தேன்.

கொப்பிப் பக்கங்களின் நகலோடு கண்டிக்கு வந்தேன். மிஸ்ஸிடம் கொடுத்தேன். அவர் வலப்பக்கத்தை நிரப்பிக்கொண்டே வந்து மாரிமுத்துவின் வரிகளில் பேனையை நிறுத்தினார்.

"மிஸ், மழைப் புத்தகமும் செக்ரோலும் போதும்," என்றேன். "தீட்டு மாஸ்டர் சேத்ததுன்னு அவரே எழுதித் தருவார். பிள்ளைக்குப் பால்குடம் கிடைச்சிடும். அப்பா சொன்னதை அந்தம்மாவுக்குக் காட்ட வேணாம். மனுஷன் ஒளிச்சு வெச்சிட்டுப் போயிட்டார். நாம ஏன் தோண்டணும்?"

"நாங்கள் என்ன சொன்னனாங்கள் அவவுக்கு?"

"என்ன கிடைச்சாலும் சொல்றோம்னு."

"அவ கேட்டது முழுசா. பாதியைக் குடுக்கிறதெண்டால், எந்தப் பாதி எண்டு தீர்மானிக்க நாங்கள் ஆர் அண்ணை? மாஸ்டரும் அதைத்தானே செய்தவர்?"

நான் சத்தம் போட்டேன். அவர் குடும்பத்தில் ஒருவராக இருந்து பாருங்கள் என்றேன். மிஸ் கோபப்படவில்லை. "எனக்கும் பயமாத்தான் இருக்கு," என்றார். "நானும் உங்களோடை இருக்கிறன். வரச் சொல்லுங்கோ."

பரமேஸ்வரி வந்தார். கதவைச் சாத்திவிட்டு நகலைக் கொடுத்தோம். அவர் வாசித்தார். திரும்ப முதலிலிருந்து வாசித்தார். அழவில்லை. தாளை மடியில் வைத்து உள்ளங்கையால் நீவிக்கொண்டே இருந்தார்.

"எங்கப்பா கடைசி வரைக்கும் மருந்து குடிச்சதே இல்ல சேர்," என்றார். "ஒரு பெனடோல் கூட. நான் மருந்து குடுக்கிற உத்தியோகத்துல இருக்கேன். ஊரு முழுக்கப் புள்ளைங்களுக்கு ஊசி போடுறேன். எங்கப்பாவுக்கு ஒரு குளிசை குடுக்க முடியல. பிரஷர் மருந்த வாங்கி ஜன்னல் வழியா வீசுவாரு. பட்டிக்காட்டு ஆளு, முரடு, புத்தி இல்லன்னு திட்டிக்கிட்டே இருந்தேன். அவரு சாகிறதுக்கு முந்தின நாள் கூடத் திட்டினேன்."

சிவகௌரி மிஸ் எழுந்து போய் அவர் பக்கத்துக் கதிரையில் உட்கார்ந்தார்.

பிறகு நான் சொன்னேன். "அம்மா, உங்க அப்பா சொன்னதை மறைச்சிட்டு மத்தத மட்டும் கமிட்டிக்குக் காட்டலாம். உங்க இஷ்டம்."

"யோசிக்கிறேன் சேர்."

நாலு நாள் கழித்து வந்தார். தன் கையெழுத்தில் மூன்று பக்கம் எழுதிக் கொண்டு வந்திருந்தார். அப்பா சொன்னது, மழை, அரைப்பேர், எல்லாம் இருந்தது. மருந்து குடிக்காததும் இருந்தது. அதோடு இறப்புப் பதிவின் நகல், மழைப் புத்தகப் பக்கம், கொப்பிப் பக்கம், மாஸ்டர் கையெழுத்திட்டுக் கொடுத்த ஒப்புதல் எல்லாவற்றையும் சேர்த்து நான் தனியாகக் கட்டினேன். நூலகத்துக்குப் புதிதாக வருவதை எழுதும் சேர்வுப் பதிவேட்டில் எண் கொடுத்தேன். 954.93 என்று புதிய அட்டை எழுதினேன். அந்தக் கதைக்கு இருந்த பழைய அட்டையில் 'இதையும் பார்க்க' என்று சேர்த்தேன். பழைய புத்தகத்தில் ஒரு புள்ளிகூட வைக்கவில்லை. அது அப்படியே 398இல் இருந்தது. கதை என்ற அளவில் அது கதைதானே.

ஆனால் அட்டை எழுதினால் பால்குடம் கிடைத்துவிடுமா? அடுத்த ஞாயிறு காலை தோட்டத்துக் கோயில் மடுவத்தில், அந்தத் திறந்த கொட்டகையில், கமிட்டிக் கூட்டம். நானும் போனேன். நகல்களைப் பார்த்த தலைவருக்குக் கோபம்.

"அப்ப முனி பொய்யின்னு சொல்ல வந்தீங்களா? மழப் புத்தகம் தொரைமாரு எழுதினது. சாமி விசயம் அவங்களுக்கு என்னா தெரியும்?"

நாலைந்து பேர் அவரோடு சேர்ந்து குரல் கொடுத்தார்கள். பரமேஸ்வரி பதில் சொல்ல வாயெடுத்தபோது வாசலில் ஒரு வேன் வந்து நின்றது. மகன் தோளைப் பிடித்தபடி அந்தோணிமுத்து மாஸ்டர் இறங்கினார். நான் கூப்பிடவில்லை. மிஸ்ஸும் கூப்பிடவில்லை. கூட்டம் எப்போது என்று நான் அவரிடம் பேச்சுவாக்கில் சொன்னது மட்டும்தான்.

அங்கே இருந்தவர்களில் பாதிப்பேர் அவரிடம் படித்தவர்கள். தலைவரும்தான். எல்லாரும் எழுந்து நின்றார்கள்.

"உக்காருங்க," என்றார் மாஸ்டர். "முனியப் பத்திப் பேச நான் வரல. நான் வேதக்காரன், உங்க சாமி உங்களுக்கு. ஆனா அந்தப் பொண்ணு தீட்டோட போனான்னு எழுதினது நான். யாரும் பாக்கல, யாரும் சொல்லல. கதை நல்லா இருக்கட்டும்னு நான் போட்டது. செத்துப்போன ஒரு கன்னிப்பொண்ணு மேல நான் போட்டது. அதுக்கு உங்க கோயில்ல ஏதும் குத்தம் கட்டணும்னா நான் கட்டுறேன். அந்தப் புள்ளைய விடுங்க."

தலைவர் தலையைச் சொறிந்துகொண்டு நின்றார். பின்னால் ஒரு வயதான பெண், கொழுந்து எடுத்துக் கறுத்த விரல்களோடு, "நான் அப்பவே சொன்னேனே, அது மருந்துக்குப் போன புள்ளைன்னு எங்கம்மா சொல்லுமுன்னு. யாரு கேட்டா?" என்றார். அந்தக் கேள்வி என்னையும் குத்தியது. ஏனென்றால் அந்தத் தோட்டத்துக்குப் போயும் நான் பேரேடுகளைத்தான் புரட்டினேன், அவரிடம் கேட்கவில்லை.

அந்த வருஷம் பரமேஸ்வரியின் மகள் பால்குடம் எடுத்தாள். வரிசையில் நான்காவது ஆளாக, மஞ்சள் பாவாடை தாவணியில், கழுத்தை அசைக்காமல், பாறைக்குப் பக்கத்துப் பாலத்தில் நடந்து போனாள். இப்போது அங்கே கொங்கிறீட் பாலம் இருக்கிறது. சிவகௌரி மிஸ்ஸும் வந்திருந்தார். மழை தூறிக்கொண்டிருந்தது.

எல்லாம் முடிந்து சாப்பிட உட்காரும்போது தலைவர் அந்தக் கதைப் புத்தகத்தின் கோயில் பிரதியைக் கையில் எடுத்துக்கொண்டு பரமேஸ்வரியிடம் வந்தார். ஒரு பேனையும் இருந்தது.

"அந்தப் பக்கத்தக் கிழிச்சுடவாம்மா?"

பரமேஸ்வரி என்னைப் பார்த்தார். அது எங்கள் நூலகத்துப் பிரதி இல்லை, அவர்கள் இஷ்டம் என்றேன்.

"கிழிக்க வேணாம்," என்றார். பேனையை வாங்கி, கதை முடிகிற இடத்துக்குக் கீழே, எதையும் அடிக்காமல் எழுதினார்: 'செம்பகம் என் அத்தை. என் அப்பா மாரிமுத்துவுக்கு மருந்து வாங்கப் போனாங்க.'

"அப்பா பேரையும் போடணுமாம்மா?" என்றேன். "அத்தைன்னு மட்டும் எழுதினாலே போதுமே."

"போடணும் சேர்," என்றார். "அவருக்காகத்தானே போனாங்க."